அம்மாவின் திதியும் ஒரு டம்ளர் ரோஸ்மில்க்கும்

அம்மா போனது 2019 மார்ச் 4. அன்று சிவராத்திரி. இரவு ஒன்பது பத்து. அந்த நேரத்தை மருந்துச் சீட்டு ஒன்றின் பின்புறத்தில் எழுதி வைத்திருந்தேன். நானாக எழுதவில்லை. பக்கத்துக் கட்டிலில் மாமனாரைப் பார்த்துக்கொண்டிருந்த ஒரு பெண்மணி என் தோளைத் தொட்டு, "மணியக் குறிச்சு வச்சுக்க கண்ணு, அப்புறம் கேப்பாங்க" என்றார். அவர் யார், எந்த ஊர் என்று எனக்குத் தெரியாது. அவருக்கு நான் நன்றி சொன்னதாகவும் நினைவில்லை.

அப்புறம் கேட்கத்தான் செய்தார்கள். முதல் வருஷத் தெவசம் நெருங்கியபோது எந்த நாளில் கொடுப்பது என்று வீட்டில் பேச்சு வந்தது. "சிவராத்திரி அன்னிக்குத்தானே போனா, சிவராத்திரிக்கே கொடுத்துடலாம்" என்றார் அப்பா. மாமா, அதாவது அம்மாவின் தம்பி, எடுத்து வைத்திருந்த பழைய காலண்டர் தாளைக் காட்டி, அன்றைக்குத் திரயோதசி என்றார். என் தம்பியோ மார்ச் 4 என்றான். ஸ்ரீரங்கம் காவிரிக் கரையில் இருக்கும் அம்மா மண்டபப் படித்துறையில் எங்கள் குடும்பத்துக்கு வழக்கமாகச் செய்து வைக்கும் ஐயருக்குப் போன் போட்டோம். "தேதி கெடக்கட்டும், நேரம் சொல்லுங்கம்மா" என்றார். மருந்துச் சீட்டைத் தேடி எடுத்துச் சொன்னேன். மாலை வரைக்கும்தான் திரயோதசி, அதற்குப் பிறகு சதுர்த்தசி, ஆகவே அம்மாவுக்கு மாசி மாதத் தேய்பிறைச் சதுர்த்தசி என்று முடித்துக் கொடுத்தார்.

அதுவரை எனக்கு இதெல்லாம் தெரியாது. திதி நாம் கணக்கு வைக்கிற நாள் போல நள்ளிரவில் மாறுவதில்லை. காலையோ மாலையோ எந்த நேரத்திலும் மாறும். தமிழ் மாதம், வளர்பிறையா தேய்பிறையா, என்ன திதி, இந்த மூன்றையும் சேர்த்துத்தான் வருஷா வருஷம் நாளைக் கண்டுபிடிக்கிறார்கள். அதனால் ஆங்கிலத் தேதியோடு அது ஒட்டவே ஒட்டாது. எங்கள் விஷயத்தில் இன்னொரு சிக்கலும் இருந்தது. நள்ளிரவில் சதுர்த்தசி இருக்கிற நாள்தான் சிவராத்திரி. முன்னோருக்குத் திதி கொடுக்கப் பார்ப்பதோ பிற்பகலில் இருக்கும் திதியை. 2020-இல் சிவராத்திரி பிப்ரவரி 21 வெள்ளிக்கிழமை வந்தது, அம்மாவின் திதி மறுநாள் சனிக்கிழமை. இந்த வருஷம், 2025-இல், இரண்டும் பிப்ரவரி 26-ஆம் தேதியே வந்துவிட்டன.

ஆகவே வீட்டில் யாராவது தவறினால், அந்தக் குழப்பத்திலும் ஒருவர் மணியை எழுதி வையுங்கள். இறப்புச் சான்றிதழில் தேதி இருக்கும், நேரம் இருக்காது. வாக்கியம், திருக்கணிதம் என்று பஞ்சாங்கத்திலும் இரண்டு வகை உண்டு, சில மணி நேரம் முன்னே பின்னே காட்டும். உங்கள் வீட்டு வழக்கம் எதுவோ அதையே பிடித்துக்கொள்ளுங்கள், வருஷத்துக்கு ஒன்றாக மாற்றினால் ஒவ்வொரு முறையும் சண்டைதான் வரும். நேரமே தெரியாமல் போயிருந்தாலும் மனசைப் போட்டு வருத்திக்கொள்ள வேண்டாம். ஆடி, புரட்டாசி, தை அமாவாசைகள் அதற்காகத்தான் இருக்கின்றன.

முதல் திதிக்கு ஸ்ரீரங்கம் போனோம். ஜனவரி 28-ஆம் தேதியோடு மேட்டூர் அணையை மூடுவது வழக்கம், அதனால் மாசியில் காவிரியில் மணல்தான் அதிகம். ஓரமாக ஓடிய தண்ணீரில் தம்பி முங்கி எழுந்தான். எள், தர்ப்பை, பச்சரிசி, வாழைக்காய் எல்லாம் அங்கேயே கிடைக்கும், சுமந்துகொண்டு போக வேண்டியதில்லை. வயதானவர்கள் உட்கார ஒரு பாய் மட்டும் எடுத்துப் போங்கள். மந்திரம் சொல்லும்போது அம்மாவின் பெயரையும் பாட்டி பெயரையும் அதற்கு முந்தைய பாட்டி பெயரையும் கேட்டார்கள். மூன்றாவது பெயர் எங்கள் யாருக்கும் தெரியவில்லை. மாமா போனில் அரை மணி நேரம் அலைந்து ஒரு சித்தப்பாவிடமிருந்து வாங்கினார். அந்தப் பெயரைக் கேட்டபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. அந்தப் பாட்டிக்கு என் மகளின் பெயர்!

மதியம் வீட்டில் படையல். தலைவாழை இலை போட்டு வடை, பாயசம், வாழைக்காய்ப் பொரியல், அவரைக்காய், சாம்பார் என்று எல்லாம் வைத்தாயிற்று. மாமா இலையைப் பார்த்துவிட்டு, "அக்காவுக்குப் பிடிச்சது என்னம்மா, அதையும் ஒண்ணு வை" என்றார்.

நான் தம்பியைப் பார்த்தேன். தம்பி அப்பாவைப் பார்த்தான். "எல்லாம் சாப்பிடுவா" என்றார் அப்பா.

அம்மா என்னென்ன சமைப்பார் என்று எங்களால் ஒரு நாள் முழுக்கச் சொல்ல முடியும். புளிக்குழம்பில் கடைசியாகக் கொஞ்சம் வெல்லம் போடுவார். தம்பிக்குத் தனியாகக் காரம் குறைத்து எடுத்து வைப்பார். ஆனால் அவருக்கு என்ன பிடிக்கும் என்று முப்பத்தைந்து வருஷத்தில் நாங்கள் ஒரு தடவைகூடக் கேட்டதில்லை. அன்றைக்கு அந்த இலைக்கு முன்னால் எனக்கு வந்த அழுகை, அவர் போன அன்றைக்குக்கூட வரவில்லை.

அம்மாவைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். முசிறிக்குப் பக்கத்தில் ஒரு கிராமத்துத் தொடக்கப்பள்ளியில் சத்துணவு அமைப்பாளராக இருந்தார். ஊரில் எல்லாருக்கும் 'சத்துணவு டீச்சர்'. 1982 ஜூலையில் எம்.ஜி.ஆர். அந்தத் திட்டத்தைத் தொடங்கி வைத்தது எங்கள் திருச்சி மாவட்டத்துப் பாப்பாக்குறிச்சியில்தான். அதற்கு அடுத்த வருஷம் அம்மா வேலையில் சேர்ந்தார், 2017-இல் ஓய்வு பெற்றார். பிள்ளைக்கு 100 கிராம் அரிசி என்பது கணக்கு. காலையில் வராந்தாவில் நின்று தலைகளை எண்ணிவிட்டு உள்ளே போய், "நாலு கிலோ முன்னூறு போடு" என்பார். வீட்டுக்கு விருந்தாளி வந்தாலும் அவர் கண் முதலில் தலைகளைத்தான் எண்ணும்.

அதனால் 2020 மார்ச் 4-ஆம் தேதி, திதி முடிந்து பதினோரு நாள் கழித்து, அவருடைய பள்ளிக்கூடத்துக்கே போய்ப் பிள்ளைகளுக்குச் சர்க்கரைப் பொங்கல் கொடுக்க நினைத்தேன். வீட்டில் செய்து தூக்கில் எடுத்துப் போவதாகத்தான் திட்டம். நல்ல வேளையாக முதல் நாளே தலைமையாசிரியரிடம் கேட்டேன். "வெளியில சமைச்சதைப் பிள்ளைங்களுக்குக் கொடுக்க மாட்டேம்மா. பொருளை வாங்கிட்டு வாங்க, நம்ம சமையல் கூடத்துல, நம்ம ஆளுங்க செய்யட்டும்" என்றார். முதலில் எனக்குச் சுருக்கென்றது. யோசித்துப் பார்த்தால் அம்மாவே அந்த நாற்காலியில் இருந்திருந்தாலும் அதைத்தான் சொல்லியிருப்பார். பரிமாறும் முன் ஆசிரியர் ஒருவர் சாப்பிட்டுப் பார்க்க வேண்டும் என்ற விதியை அவர் ஒரு நாளும் விட்டதில்லை. நினைவு நாளில் பள்ளிக்கோ விடுதிக்கோ சாப்பாடு கொடுக்க நினைப்பவர்கள் கட்டாயம் முன்கூட்டியே கேளுங்கள், எத்தனை பேர் என்றும் கேளுங்கள், அங்கே சமைக்கிறவர்கள் கையாலேயே செய்யச் சொல்லுங்கள். பச்சரிசி இரண்டு கிலோ, பாசிப்பருப்பு அரைக் கிலோ, வெல்லம் மூன்றரைக் கிலோ, நெய், முந்திரி, ஏலக்காய் வாங்கிப் போனோம். 43 பிள்ளைகளுக்கும் சோற்றோடு ஆளுக்கு ஒரு கரண்டி வந்தது, அடுப்படியில் நின்றவர்களுக்கும் மிஞ்சியது.

அந்த அடுப்படியில்தான் எனக்கு விடை கிடைத்தது. அம்மாவோடு பத்தொன்பது வருஷம் வேலை பார்த்த சமையல்கார அக்கா வெல்லப் பாகைக் கிளறிக்கொண்டே பேசினார். நான் சும்மா வாய் தவறிக் கேட்டதுபோல, "அக்கா, அம்மாவுக்கு என்ன பிடிக்கும்?" என்றேன்.

கரண்டியை நிறுத்தாமலே சொன்னார். "டீச்சருக்கா? ரோஸ்மில்க்கு."

நான் நம்பவில்லை. ஐஸ் போட்ட எதையும் எங்களைத் தொட விடாதவர் அம்மா. தொண்டை கட்டும், சளி பிடிக்கும் என்று ஆரம்பித்துவிடுவார்.

"மாசா மாசம் சம்பளம் எடுக்க முசிறி போவோம்ல, பஸ் ஸ்டாண்டுகிட்ட ஒரு கடை. உள்ள பெஞ்சுல செவுத்தப் பாத்து உக்காந்துக்கும். ஒரு டம்ளர் வாங்கி மெல்ல மெல்ல குடிக்கும். எனக்கும் ஒண்ணு வாங்கிக் குடுக்கும். பிள்ளைங்ககிட்ட சொல்லிறாதடின்னு சொல்லும்."

பத்தொன்பது வருஷமும் அந்த அக்கா சொல்லவில்லை.

அடுத்த திதிக்கு, 2021-இல், படையலில் ரோஸ்மில்க் வைத்தேன். மாமா முகம் சுளித்தார். "இலையில கலர் தண்ணியா? கேட்டவங்க என்ன சொல்லுவாங்க?" நான் பதில் சொல்வதற்குள் அப்பா, "வைம்மா" என்றார். எவர்சில்வர் டம்ளரின் வெளிப்பக்கம் வியர்த்துச் சொட்டுச் சொட்டாக இறங்கி, வாழை இலையில் சின்ன வட்டமாகத் தேங்கியது. கற்பூரம் காட்டி முடிக்கும்வரை அந்த வட்டத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். பிறகு ஆளுக்கு ஒரு வாய் குடித்தோம், மாமாவும் குடித்தார்.

2020 மார்ச்சிலிருந்தே ஒரு வழக்கம் வைத்துக்கொண்டேன். திதி வீட்டுக்கு, மார்ச் 4 ஊருக்கு. மார்ச் 4-இல் அம்மாவைத் தெரிந்த ஒருவரைப் போய்ப் பார்ப்பேன், முடியாவிட்டால் போன் செய்வேன். வருஷத்துக்கு ஒருவர். அவர் சொல்வதை அன்றைக்கே ஒரு நோட்டில் எழுதிவிடுவேன். "அம்மா எப்படி இருந்தார்?" என்று கேட்டால் யாருக்கும் பேச வராது, "தங்கமான மனுஷி" என்று முடித்துவிடுவார்கள். சின்னதாகக் கேட்க வேண்டும். முதல் முதலில் எங்கே பார்த்தீர்கள், எதற்குக் கோபப்படுவார், உங்களிடம் கடைசியாக என்ன பேசினார். இப்படிக் கேட்டால் ஒரு மணி நேரம் பேசுவார்கள்.

2021 மார்ச்சில் கொரோனாவால் தொடக்கப்பள்ளிகள் மூடியே கிடந்தன. ஓய்வு பெற்ற பழைய தலைமையாசிரியர் ஒருவரிடம் போனில் பேசினேன். 1989-இல் சத்துணவில் முட்டை வந்த புதிதில் இரண்டு வாரத்துக்கு ஒன்றுதான். ஒரு பையன் முட்டையைச் சாப்பிடாமல் கால்சட்டைப் பையில் போட்டுக்கொண்டு போவதை அம்மா கவனித்திருக்கிறார். திட்டவில்லை, சாயங்காலம் அவன் பின்னாலேயே வீட்டுக்குப் போயிருக்கிறார். வீட்டில் மூன்று வயதுத் தங்கச்சி. மறுநாளே அந்தக் குழந்தையைப் பால்வாடியில் கொண்டுபோய்ச் சேர்த்திருக்கிறார். "அந்தப் பொண்ணு இப்ப நர்சா இருக்கும்மா" என்றார் சார். எங்கள் வீட்டில் இந்தக் கதை ஒரு நாளும் பேசப்பட்டதில்லை.

நல்லதை மட்டும் கேட்டு வரக்கூடாது என்பது 2023-இல் புரிந்தது. எதிர்வீட்டு அத்தை எங்கள் அம்மாவோடு ஒன்பது வருஷம் பேசாமல் இருந்தவர். தயங்கித் தயங்கித்தான் போனேன். சாக்கடைத் தண்ணீர் எந்தப் பக்கம் போவது என்பதில் வந்த சண்டை அது. அத்தை சொன்னதைக் கேட்டபோது தப்பு அம்மா பக்கம் என்றே எனக்குப் பட்டது. "பிடிச்சா ஒரே பிடி உங்கம்மா, அசைக்க முடியாது" என்றவர், எழுந்து போய் உள்ளேயிருந்து ஒரு பித்தளைக் கிண்ணத்தைக் கொண்டுவந்தார். சண்டைக்கு முன்னால் அம்மா குழம்பு கொடுத்தனுப்பிய கிண்ணம். "திருப்பிக் குடுக்க வாய்க்கல" என்றார். அதையும் நோட்டில் எழுதினேன். மாலை போட்ட போட்டோவில் இருப்பவரைவிட இந்தப் பிடிவாதக்காரியைத்தான் எனக்கு நன்றாகத் தெரியும்.

குரல் விஷயத்தில் நாங்கள் கோட்டை விட்டோம். நீங்கள் விட்டுவிடாதீர்கள். அம்மா போன பிறகு அவர் போனை அணைத்துப் பீரோவில் வைத்தோம், ரீசார்ஜ் செய்யத் தோன்றவில்லை. தொடர்ந்து 90 நாள் பயன்படுத்தாமல் கிடந்தால் அந்த எண்ணைத் துண்டித்துப் பிறகு வேறு ஆளுக்குக் கொடுத்துவிடலாம் என்று யார் கண்டது? அந்தத் தீபாவளிக்கு மனசு கேட்காமல் அந்த எண்ணை அழைத்தேன். ஒரு ஆண் குரல் "ஹலோ, யாரு?" என்றது. வாட்ஸ்அப் கணக்கும் அப்படித்தான், 120 நாள் அசையாமல் கிடந்தால் அழிந்துவிடும். எனக்கு வந்த குரல் பதிவுகள் என் போனில் பத்திரம் என்று இருந்தேன். போன் மாற்றும்போது நகல் எடுக்காமல் மாற்றிவிட்டேன், எல்லாம் போயிற்று. அம்மாவுக்கு டைப் செய்ய வராது, எல்லாம் குரல்தான், எத்தனை இருந்திருக்கும் என்று எண்ணிப் பார்க்கவே பயமாக இருக்கிறது.

தம்பியிடம் நான்கு பதிவுகள் மிஞ்சின. அவற்றை மின்னஞ்சலிலும் ஒரு பென்டிரைவிலும் போட்டு, எந்தத் தேதி, எதைப் பற்றி என்று பெயர் கொடுத்து வைத்திருக்கிறோம். ஒன்று 38 விநாடி. ரேஷன் கார்டில் தம்பி பெயரை நீக்குவது பற்றிய பேச்சு அது. பின்னால் மோட்டார் கொட்டகையின் சத்தம் கேட்கிறது. நடுவில், "சாப்டியா சாமி?" என்று ஒரு வார்த்தை.

2022 திதியன்று தம்பி அதை ஸ்பீக்கரில் போட்டான். கூடத்தில் நாங்கள் எல்லாரும் இருந்தோம். அப்பா மட்டும் கொல்லைப்புறத்தில் மாட்டுக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டிருந்தார். அவர் அங்கே இருப்பதை நாங்கள் யோசிக்கவே இல்லை. அம்மாவின் குரல் வீடு முழுக்கக் கேட்டது. பின்னாலிருந்து அப்பா, "இந்தா வர்றேன்" என்றார்.

வாளியைக் கையில் பிடித்தபடி வாசல்படியில் வந்து நின்றார். எங்கள் முகங்களைப் பார்த்தார், போனைப் பார்த்தார். வாளியைக் கீழே வைத்துவிட்டுத் திரும்பிப் போய்விட்டார். அன்றைக்கு ராத்திரி அவர் சாப்பிடவில்லை.

இறந்தவர் குரலை ஒலிக்க விடும் முன், வீட்டில் இருக்கிற ஒவ்வொருவரிடமும் சொல்லிவிட்டுச் செய்யுங்கள். வேண்டாம் என்கிறவரை விட்டுவிடுங்கள். அப்பாவை முதல் வருஷம் போட்டோ முன்னால் உட்காரவைத்து, நாலு வார்த்தை பேசுங்கள் என்று நான் கட்டாயப்படுத்தியிருக்கிறேன். பாதியில் எழுந்து வயலுக்குப் போய்விட்டார். அம்மாவின் டிவிஎஸ் 50 இன்னும் திண்ணையில் நிற்கிறது. ஞாயிற்றுக்கிழமை காலையில் அப்பா அதைத் துடைத்து, இரண்டு நிமிஷம் ஸ்டார்ட் செய்து ஓடவிட்டு நிறுத்துவார். ஆறு வருஷமாக ஒரு ஞாயிறும் தவறியதில்லை. அவர் அம்மாவுக்குக் கொடுக்கிற திதி அதுதான் என்று புரிய எனக்கு மூன்று வருஷம் ஆயிற்று. இப்போதெல்லாம் யாரையும் பேசச் சொல்வதில்லை.

ஒரு மாதம் முன்பு தம்பி என்னிடம் தனியாகக் கேட்டான், எல்லாம் முடிந்த பிறகும் ஏன் இந்த நாட்கள் வந்தால் உடம்பு சரியில்லாமல் போகிறது என்று. எனக்கும் அப்படித்தான். திதியன்று வேலை இருக்கும், ஆட்கள் இருப்பார்கள். அதற்கு முந்தின நாள் சாயங்காலம்தான் தாங்க முடியாது. அதனால் முந்தின நாள் சாயங்காலம் இரண்டு பேரும் ஒரே வீட்டில் இருப்பது என்று வைத்துக்கொண்டோம். அவன் காய் நறுக்குவான், நான் உளுந்து ஊறப்போடுவேன். அம்மாவைப் பற்றிப் பேசித்தான் ஆக வேண்டும் என்றில்லை.

என் மகளுக்கும் ஒரு வேலை கொடுத்திருக்கிறேன். அம்மா போகும்போது அவளுக்கு மூன்று வயது, பாட்டியின் முகம் போட்டோவில்தான் தெரியும். திதியன்று காலையில் வந்திருப்பவர்களை எண்ணி அரிசி அளந்து போடுவது அவள் பொறுப்பு. பெரியவர்களுக்கு 100 கிராம் போதாது என்று சொல்லிப் பார்த்தேன், கேட்கவில்லை. பாட்டி கணக்கு அதுதான் என்கிறாள். இந்த பிப்ரவரியில் பதினான்கு பேருக்கு ஒரு கிலோ நானூறு அளந்து வைத்தாள், அவளுக்குத் தெரியாமல் நான் இன்னும் கொஞ்சம் போட்டேன்.

அன்று படையலில் ரோஸ்மில்க்கை மாமாவே வாங்கி வந்திருந்தார். ஐஸ் உருகிவிடக் கூடாது என்று துண்டில் சுற்றி, திருச்சியிலிருந்து பஸ்ஸில் மடியிலேயே வைத்துக்கொண்டு வந்தாராம்.

நோட்டில் அடுத்த மார்ச் 4-க்கு ஏற்கெனவே ஆளைக் குறித்துவிட்டேன். முசிறி பஸ் ஸ்டாண்டு ரோஸ்மில்க் கடைக்காரர். கடை இன்னும் இருக்கிறதா, அந்தப் பெஞ்சு இருக்கிறதா என்று தெரியவில்லை. சமையல்கார அக்கா தானும் வருவதாகச் சொல்லியிருக்கிறார்.